சொல் காக்கும் சங்கத்தை வைத்துக் கதை எழுதுகிறீர்களா? இந்தத் தவறுகளைத் தவிருங்கள்

மறைந்துபோகும் சொற்களைத் தேடிப் பிடித்துப் பாதுகாக்கும் ஒரு ரகசியச் சங்கம். ஃபேண்டஸி எழுதுகிறவர்களுக்கு ரொம்பப் பிடித்த கரு இது, எனக்கும் பிடிக்கும், அதனால்தான் வீணாகும்போது மனசு கேட்பதில்லை. பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் சறுக்குகிறது: சொல்லை எடுத்துக்கொண்டு, சொன்ன ஆளை விட்டுவிடுகிறார்கள்.

அலமாரி நிறையக் கண்ணாடிக் குப்பிகள், உள்ளே ஒளிரும் சொற்கள். பார்க்க அழகுதான், ஆனால் குப்பியைத் திறந்தால் ஓர் ஒலியும் ஒரு பொருளும் தவிர வேறென்ன கிடைக்கும்? உங்கள் சேகரிப்பாளர் ஒரு படகோட்டிக் கிழவியிடம் போகிறார் என்று வையுங்கள். துடுப்பைத் தூக்கியதும் அதன் நுனியில் கொஞ்ச நேரம் தொங்கிவிட்டு விழும் கடைசித் துளிக்கு அவளிடம் ஒரு சொல் இருக்கிறது. அதை எழுதிக்கொண்டு கிளம்பிவிட்டால் பாதி வேலைகூட முடியவில்லை, ஏனென்றால் அதே சொல்லால்தான் அவள் தன் கடைக்குட்டிப் பேரனைக் கூப்பிடுகிறாள், கோபம் வந்தால் அதையே இழுத்து வசவாகவும் வீசுகிறாள். அந்த வாக்கியங்கள் ஏட்டில் ஏற வேண்டும். நிஜ உலகில் சொல் சேர்த்தவர்களுக்கு இது நன்றாகத் தெரிந்திருந்தது. ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதிக்காக 1879-இல் அதன் பதிப்பாசிரியர் ஜேம்ஸ் மர்ரே பொதுமக்களிடம் உதவி கேட்டபோது வெறும் சொற்பட்டியலைக் கேட்கவில்லை; சொல் வந்த வாக்கியத்தை, நூல் விவரத்தோடு, துண்டுச் சீட்டில் எழுதி அனுப்பச் சொன்னார்.

அப்புறம், சங்கம் தப்பே செய்யாது என்று எழுதுவது. சீட்டு என்றால் தொலையும், இடம் மாறும், தப்பாகவும் படிக்கப்படும். 1934-இல் வந்த வெப்ஸ்டர் அகராதியில் ‘டோர்ட்’ என்றொரு சொல், அடர்த்தி என்ற பொருளோடு அச்சேறியது. அப்படி ஒரு சொல்லே கிடையாது. பெரிய ‘டி’ அல்லது சிறிய ‘டி’ அடர்த்தியின் சுருக்கக் குறி என்று சொன்ன சீட்டை, ‘அல்லது’ என்பதற்கான ஆங்கிலச் சொல்லையும் சேர்த்து ஒரே சொல்லாகப் படித்துவிட்டார்கள். 1939-இல்தான் அகராதியின் பதிப்பாசிரியர் ஒருவர் கண்ணில் அது பட்டது. சொல்லுக்குச் சக்தி இருக்கும் உங்கள் உலகத்தில் யாருமே பேசாத இப்படி ஒரு சொல் பிறந்து, யாராவது அதை உரக்க உச்சரித்தால் என்ன ஆகும்? இதிலேயே ஒரு முழு நாவல் இருக்கிறது, விட்டுவிடாதீர்கள்.

ஒரே பருவத்தில் கதாநாயகி எல்லாச் சொற்களையும் மீட்டுவிடுவதும் வேண்டாம். கிரிம் சகோதரர்கள் 1838-இல் தொடங்கிய ஜெர்மன் அகராதி முடிந்தது 1961-இல். 1863-இல் யாகோப் கிரிம் இறந்தபோது வேலை ‘எஃப்’ எழுத்தைத்தான் எட்டியிருந்தது. ஆக, உங்கள் சங்கத்துக்குச் சீடர்கள் வேண்டும், முந்தையவர் பாதியில் விட்ட எழுத்தைத் தலையில் சுமக்கிறவர்கள்.

அழகான சொற்களை மட்டும் சேர்க்காதீர்கள். வசவு, பேரம், நோய்ப்பெயர் எல்லாம் வரட்டும். ஏடுகள் மட்டுமே கருவூலம் என்றும் நினைக்க வேண்டாம், நம் நிகண்டுகள் சொற்பொருளைச் செய்யுளில் கட்டி மனப்பாடமாகவே கடத்தின.

வில்லன் விஷயத்துக்கு வருவோம். யாரோ நூலகத்தைக் கொளுத்துவதால் சொற்கள் அழிவதாக எழுதுவது சுலபம். ஆனால் ஒரு மொழி பெரும்பாலும் மங்குவது, பெற்றவர்கள் பிள்ளையிடம் அதைப் பேசுவதை நிறுத்தும்போது. அவமானத்தாலோ பிழைப்புக்காகவோ, சில சமயம் அடக்குமுறைக்குப் பயந்தோ நிறுத்துகிறார்கள். அவர்களை வில்லனாக்க முடியாது. அந்தக் கிழவியின் மகளே வாசலில் நின்றுகொண்டு, “இந்தச் சொல்லை வைத்து என் பையனுக்கு வேலை கிடைக்குமா?” என்று சேகரிப்பாளரைக் கேட்கட்டும். அவருக்கு உடனே ஒரு நல்ல பதிலை எழுதிக் கொடுத்துவிடாதீர்கள்.