விளையாட்டு நாளைக் கெடுக்கும் தவறுகள்

தீபாவளிக்கு மறுநாளோ, நீண்ட வார இறுதியோ, யாராவது ஒருவர் "எல்லாரும் நம்ம வீட்டுக்கு வாங்க, நாள் முழுக்க விளையாடலாம்" என்று அழைத்துவிடுகிறார். முதல் முறை நடத்துபவர்கள் எல்லாரும் கிட்டத்தட்ட ஒரே இடங்களில்தான் சறுக்குகிறார்கள். நாற்காலி பற்றாது, பகடை காணாமல் போகும் என்பதெல்லாம் யாருக்கும் தெரிந்ததுதான். அவற்றை விட்டுவிடுவோம்.

விதியைப் பேசாமல் முதல் காயை நகர்த்துவது

மற்ற எல்லாத் தவறுகளையும் சேர்த்தாலும் இந்த ஒன்றின் பக்கத்தில் நிற்காது. எத்தனை முறை எடுத்துச் சொன்னாலும் மறுபடி மறுபடி நடப்பதும் இதுதான்.

தாயத்தை எடுத்துக்கொள்ளுங்கள். சென்னையிலிருந்து வந்த பெரியவர், பினாங்கிலிருந்து வந்த அவருடைய தங்கை, சிங்கப்பூரின் ஈசூனில் வளர்ந்த பிள்ளைகள் எல்லாரும் ஒரே கட்டத்தைச் சுற்றி உட்கார்கிறார்கள். எல்லாருக்கும் தாயம் தெரியும் என்பதால் யாரும் எதுவும் பேசுவதில்லை. பெரியவருக்கு ஐந்து விழுகிறது, காயை இறக்குகிறார். "தாயம் விழாம எப்படிண்ணே இறக்குறீங்க?" என்கிறார் தங்கை. "எங்க பக்கம் அஞ்சுக்கும் இறக்குவோம்மா." அவ்வளவுதான், அடுத்த கால் மணி நேரம் கட்டை உருளாது.

இருவர் சொல்வதும் சரி. இரண்டுமே பல வீடுகளில் வழக்கத்தில் உள்ள விதிகள்தான். ஆனால் இரண்டும் ஒரே ஆட்டம் அல்ல. பித்தளைத் தாயக்கட்டைகள் இரண்டு. ஒவ்வொன்றிலும் நான்கு முகங்கள்: வெற்று, ஒன்று, இரண்டு, மூன்று. மொத்தம் 16 வகையாக விழலாம். அவற்றில் தாயம், அதாவது ஒன்று, 2 வகை; ஐந்து 2 வகை. தாயத்துக்கு மட்டுமே காய் இறங்கும் என்றால் எட்டு உருட்டலுக்கு ஒரு வாய்ப்பு. ஐந்துக்கும் இறங்கலாம் என்றால் நான்குக்கு ஒன்று. முதல் விதிப்படி ஆடினால், மூன்று பேரில் ஒருவர் எட்டு முறை உருட்டியும் ஒரு காயைக்கூட இறக்காமல் உட்கார்ந்திருக்க நேரும். பெரியவர்கள் பொறுத்துக்கொள்வார்கள், எட்டு வயதுக் குழந்தை எழுந்து போய்விடும். சிறு பிள்ளைகள் இருந்தால் ஐந்துக்கும் இறக்குங்கள்.

இந்தத் தகராறை ஆட்டத்தின் நடுவே தீர்க்கவே முடியாது. அந்த நேரத்தில் எந்த விதியை ஏற்றாலும் அதனால் ஒருவருக்கு லாபம், ஒருவருக்கு நட்டம். முடிவு சொல்பவர் யாராக இருந்தாலும் ஒரு பக்கம் சாய்ந்தவராகிவிடுவார். காய் இறங்குவதற்கு முன்பு யாருக்கும் எந்த விதியிலும் ஆதாயம் இல்லை, இரண்டே நிமிடத்தில் ஒத்துப்போய்விடுவார்கள்.

செய்ய வேண்டியது எளிது. ஆட்டத்துக்கு ஒரு ஏ4 தாள். அதில் நாலைந்து கேள்விகளும் அன்றைக்கான பதில்களும். சுவரில் ஒட்டிவிடுங்கள்.

தாயத்துக்குக் கேட்க வேண்டியவை: எந்த எண்ணுக்குக் காய் இறங்கும்? ஒன்று, ஐந்து, ஆறு, பன்னிரண்டு விழுந்தால் மறுபடி உருட்டலாமா? ஒரு காயையாவது வெட்டினால்தான் உள்கட்டத்துக்குள் நுழைந்து பழமாக்கலாமா, அதாவது கடைசிக் கட்டத்தில் சேர்க்கலாமா? மலையில், அதாவது குறுக்குக்கோடு போட்ட கட்டத்தில், இருக்கும் காயை வெட்டலாமா?

கேரமுக்கு: நிறம் பிரித்து ஆடுகிறோமா, எந்தக் காயையும் போட்டுப் புள்ளி சேர்க்கிறோமா? சிவப்பைத் தொடுவதற்கு முன் சொந்தக் காய் ஒன்று விழுந்திருக்க வேண்டுமா? சிவப்பைப் போட்டபின் அடுத்த அடியிலேயே காய் போட்டு உறுதி செய்யாவிட்டால் அது நடுவட்டத்துக்குத் திரும்புமா? ஸ்ட்ரைக்கர் குழியில் விழுந்தால் ஒரு காயைத் திருப்பி வைத்தால் போதுமா, முறையும் போகுமா? கட்டைவிரலால் அடிக்கலாமா?

ஊனோ சீட்டாட்டத்தில் சண்டை வருவது ஒரே இடத்தில். ஒருவர் +2 (அடுத்தவர் இரண்டு அட்டை எடுக்க வேண்டும்) போட, அடுத்தவர் அதன்மேல் இன்னொரு +2 போட்டு நான்காக்கி அதற்கடுத்தவர் தலையில் கட்டுவது. பெரும்பாலான வீடுகளில் இப்படித்தான் ஆடுகிறார்கள். ஆட்டத்தைத் தயாரிக்கும் மட்டெல் நிறுவனமோ இது விதியில் இல்லை என்று 2019-இலேயே தெளிவாகச் சொல்லிவிட்டது. +4 அட்டைக்கும் நிபந்தனை உண்டு: மேலே கிடக்கும் நிறம் கையில் இல்லாதபோதுதான் போடலாம். சந்தேகம் இருந்தால் அடுத்தவர் சவால் விடலாம். பொய் என்றால் போட்டவர் நான்கு அட்டை எடுக்க வேண்டும், உண்மை என்றால் சவால் விட்டவர் ஆறு எடுக்க வேண்டும். அடுக்கி ஆடுவது பிடித்தால் தாராளமாக ஆடுங்கள், தாளில் எழுதிவிட்டு ஆடுங்கள்.

மோனோபோலி நான்கு மணி நேரம் இழுக்கிறது என்று அலுத்துக்கொள்பவர்கள் விதிப்புத்தகத்தை ஒருமுறை திறந்து பார்க்க வேண்டும். வரி, அபராதப் பணத்தையெல்லாம் பலகை நடுவில் குவித்து, இலவச வாகன நிறுத்தத்தில் வந்து நிற்பவருக்குக் கொடுப்பது புத்தகத்திலேயே இல்லாத வழக்கம். அது திவாலாகப் போகிறவர்களுக்கு மறுபடி மறுபடி உயிர் கொடுக்கிறது. புத்தகத்தில் இருக்கும் ஏலத்தை மட்டும் யாரும் நடத்துவதில்லை. ஒருவர் வாங்க மறுத்த இடத்தை அங்கேயே ஏலம் விட வேண்டும் என்பது விதி. இந்த இரண்டையும் சரிசெய்தாலே ஆட்டம் நன்றாகச் சுருங்கும்.

தாளில் இல்லாத சிக்கல் நடுவில் வந்தால் வீட்டுக்காரர் சொல்வதே முடிவு. அடுத்த ஆட்டத்துக்கு முன் அதையும் தாளில் சேர்த்துவிடுங்கள்.

சோங்காக் பலகையில் பல்லாங்குழி

ஆடலாம். சோங்காக் பல்லாங்குழி போன்ற மலாய் ஆட்டம், இரண்டிலும் பக்கத்துக்கு ஏழு குழிதான். ஆனால் சோங்காக்கில் குழிக்கு ஏழு வீதம் 98 காய். சுற்றி வரும்போது சொந்தக் கிடங்கிலும் ஒன்று போட்டுப் போக வேண்டும். பல்லாங்குழியில் ஓரத்துக் கிடங்குகளில் காய் போடுவதில்லை, வென்றதை வைக்க மட்டுமே அவை. நான்கு காய் சேர்ந்தால் பசு என்று எடுப்பதும் சோங்காக்கில் கிடையாது. எதை ஆடுகிறோம் என்று முதலில் சொல்லிவிடுங்கள்.

காய்க்கு மரத்தடியில் பொறுக்கிய சாகா விதை, அதாவது மஞ்சாடி, நன்றாக இருக்கும். முழுச் சிவப்பாக இருக்கிறதா என்று ஒவ்வொன்றாகப் பாருங்கள். ஒரு முனை கறுத்திருந்தால் அது குன்றிமணி. கடித்து விழுங்கினால் உயிருக்கே ஆபத்தான நச்சு. குழந்தைகள் இருக்கும் வீட்டில் அது வேண்டவே வேண்டாம்.

பன்னிரண்டு பேருக்கு ஒரே ஆட்டம்

எட்டுப் பேர் ஆடும் ஆட்டத்தில் ஒருவர் தன் முறைக்கு இரண்டு நிமிடம் எடுத்தால், நீங்கள் மறுபடி கை வைக்க 14 நிமிடம் காத்திருக்க வேண்டும். நான்கு பேர் என்றால் ஆறு நிமிடம். அந்த வித்தியாசத்தில்தான் கைபேசி வெளியே வருகிறது. ஆளைப் பிரியுங்கள்: கேரமில் நால்வர், தரையில் தாயத்துக்கு நால்வர், சாப்பாட்டு மேசையில் ஊனோவுக்கு நால்வர். முக்கால் மணிக்கு ஒருமுறை இடம் மாறலாம். ஒவ்வொரு மேசையிலும் விதி நன்றாகத் தெரிந்த ஒருவர் இருக்கட்டும். கணவன் மனைவி இருவருக்கும் தெரியும் என்றால் இருவரையும் ஒரே மேசையில் போடாதீர்கள்.

கேரம் பலகையின் ஆடுதளம் 74 செ.மீ. சதுரம். சட்டத்தோடு ஏறக்குறைய 90 செ.மீ. வரும், நாலு பக்கமும் ஆள் உட்கார வேண்டும். நாலறை வீட்டுக் கூடத்தில் இரண்டு மீட்டருக்கு இரண்டு மீட்டர் இடம் ஒதுக்கிவிட்டு மற்றதைத் திட்டமிடுங்கள்.

கேரமுக்கு அரிசி மாவு

கூடாது. நம் ஊர் ஈரக்காற்றில் பசையாகிக் காய் ஒட்டும். கேரம் பவுடரையே கைப்பிடி அளவு கொட்டுவதும் தவறு. ஒரு சிட்டிகையை நடுவில் தூவி உள்ளங்கையால் தேய்த்து, மிஞ்சியதைத் துணியால் துடைத்தால் போதும். அது பெரும்பாலும் போரிக் அமிலம் என்பதால் தவழும் குழந்தை இருக்கும் வீட்டில் தரையில் சிந்த விடாதீர்கள். கை கழுவிவிட்டுத்தான் முறுக்கு.

மூன்று மணிக்கு அழைத்து, மூன்று மணிக்கே பெரிய ஆட்டம்

பாதிப் பேர் நாலரைக்குத்தான் வருவார்கள். அதுவரை நடுவில் சேரக்கூடிய சீட்டாட்டம்.

புதுப் பெட்டியை அன்றே பிரிப்பது

முந்தின இரவே பிரித்து, தனியாக ஒரு சுற்று ஆடிப் பாருங்கள்.

காசு வைத்து ஆடுவதில் கவனக்குறைவு

சிங்கப்பூரில் 2022 ஆகஸ்ட் 1 முதல் நடப்பில் உள்ள சூதாட்டக் கட்டுப்பாட்டுச் சட்டப்படி, வீட்டுக்குள் குடும்பத்தாரும் நண்பர்களும் நேரில் உட்கார்ந்து காசு வைத்து ஆடலாம். நடத்துபவர் அதில் கமிஷன் எடுக்கக் கூடாது. அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளத்தில் அதே ஆட்டத்தைக் காசு வைத்து ஆட முடியாது, அது பொது இடம். வர முடியாத உறவினரைச் செயலி வழியாகச் சேர்த்துக் காசு ஆட்டம் ஆடுவதற்கும் இந்த விலக்கு கிடையாது. பிள்ளைகள் உட்கார்ந்திருக்கும் மேசையில் புளியங்கொட்டையே போதும்.

கீழ்த்தளத்தில் மேசை நாற்காலி போட்டுக் கூட்டமாக நடத்துவதானால் நகர மன்ற அனுமதியை முன்கூட்டியே வாங்குங்கள்.

இரவு பத்துக்குப் பிறகும் கேரம்

ஸ்ட்ரைக்கர் சட்டத்தில் மோதும் சத்தம் கீழ்வீட்டுக் கூரையில் இறங்கும். பலகையை எடுத்து வைத்துவிட்டு ஊனோவுக்கு மாறுங்கள்.