'கட்சுராகி ஜிகென்' பார்க்கப் போகிறீர்களா?

ராத்திரியில் பார்க்காதீர்கள். நான் பார்த்துவிட்டு விடியும்வரை புரண்டேன். ஞாயிறு காலை, வயிற்றுக்கு ஏதாவது போட்டுவிட்டு உட்காருங்கள். இரண்டு மணி நேரம். பிள்ளைகள் பக்கத்தில் வேண்டாம். படத்தில் தற்கொலையும் உண்டு, அந்தத் துக்கத்தைக் கண்ட வீடென்றால் யோசித்துப் போடுங்கள்.

2016இல் வந்த ஜப்பானியப் படம். மசாஅகி அகாஹோரி தன் மேடை நாடகத்தையே படமாக்கினார். கியோஷி என்ற ஹார்டுவேர் கடைக்காரரின் இளைய மகன் முகம் தெரியாதவர்களைக் கத்தியால் குத்திக் கொன்று மரண தண்டனை பெற்றவன். இது ஆரம்பத்திலேயே தெரிந்துவிடும், அதனால் கதை கேட்டுவிட்டுப் பார்த்தாலும் நஷ்டமில்லை.

காலம் முன்னும் பின்னும் தாவும். குழம்பினால் ஜுன்கோ என்ற பெண்ணைப் பிடித்துக்கொள்ளுங்கள். மரண தண்டனையை எதிர்ப்பவள், சிறையில் இருக்கும் அவனையே கல்யாணம் செய்துகொண்டவள். அவள் வந்தால் கொலைக்குப் பிந்தைய காலம்.

அப்புறம், அப்பாவாக வரும் தொமொகாசு மியுராவையே பார்த்துக்கொண்டிருக்கத் தோன்றும். அப்படி நடித்திருக்கிறார். ஆனால் சீன உணவகக் காட்சியில் மட்டும் கண்ணை மற்றவர்கள் பக்கம் திருப்புங்கள். மாபோ தோஃபு காரமாக இருக்கிறதென்று சர்வரைப் பிடித்துக்கொண்டு விடமாட்டார். அப்போது மேசையைச் சுற்றி இருப்பவர்கள் என்ன செய்கிறார்கள், யார் வாயைத் திறக்கவில்லை என்று பாருங்கள். படம் முழுக்க அங்கேதான் இருக்கிறது.

எங்கள் அப்பாவும் மஞ்சக்குப்பத்தில் ஹார்டுவேர் கடைதான் வைத்திருந்தார். மத்திக் குழம்பில் உப்பு ஒரு கல் கூடினால் தட்டு முற்றத்துக்குப் பறக்கும். நாங்கள் தலை நிமிராமல் சாப்பிட்டு முடிப்போம். அம்மா சோற்றைப் பொறுக்குவார். அந்த உணவகக் காட்சியில் நான் படத்தை நிறுத்திவிட்டேன். உங்களுக்கும் முட்டினால் நிறுத்துங்கள், மொட்டை மாடிக்குப் போய்விட்டு வந்து போடுங்கள், தப்பில்லை.

தனியாகப் பார்ப்பதைவிட, அதே வீட்டில் வளர்ந்த ஒருவரோடு பார்ப்பது நல்லது. இரண்டாம் முறை அக்காவைக் கூப்பிட்டேன். முடிந்ததும் எதுவும் கேட்கவில்லை, நீங்களும் கேட்காதீர்கள். வண்டியை எடுத்துக்கொண்டு தேவனாம்பட்டினம் சில்வர் பீச்சுக்குப் போனோம். சுண்டல் வாங்கிக் கொறித்துக்கொண்டிருந்தோம். பொட்டலம் காலியான பிறகுதான் அக்கா பேசினாள்:

"அப்பா தட்டு ஒரு பக்கம் நசுங்கியே இருக்குமே, ஞாபகம் இருக்காடா?"