கதைக்குள் ஒளிரும் கோரை வளர்ப்பது எப்படி

கற்பனை உலகம் படைக்கிறவர்கள் எப்படியும் ஒரு ஒளிரும் செடியை நட்டுவிடுகிறார்கள். பாதிக் கதைகளில் அது கோயில் கொடைக்குப் போட்ட சீரியல் செட் மாதிரி சும்மா மினுங்கிக்கொண்டு நிற்கும், அதனால் யாருக்கும் ஒரு வேலையும் ஆகாது. அதனால் செடி எப்போது அணையும் என்பதை முதலில் முடிவு பண்ணுங்கள், பயன் எல்லாம் அதற்குப் பின்னால் தானாக வரும். திருநெல்வேலிச் சீமையிலேயே ஒன்றை நட்டுக் காட்டுகிறேன். பெயர் மினுக்கோரை.

வெளிச்சம் எங்கிருந்து வருகிறது? மந்திரம் என்று ஒரே சொல்லில் முடித்துவிடலாம்தான், ஆனால் நிஜத்திலேயே நல்ல சரக்கு கிடக்கிறது. மேற்குத் தொடர்ச்சி மலையில் மழைக்காலத்தில் மட்கிய மரத்தில் சில பூஞ்சைகள் பச்சையாக ஒளிரும். லூசிஃபெரின் என்ற பொருள் ஆக்சிஜனோடு சேரும்போது வருகிற வெளிச்சம் அது, தொட்டால் சூடே இருக்காது. ஒளிரும் காளான் ஒன்றின் மரபணுக்களைப் புகையிலைச் செடியில் சேர்த்து, செடியே ஒளிர்வதை 2020-இல் விஞ்ஞானிகள் காட்டிவிட்டார்கள். சில காளான்கள் காய்ந்தால் அணைந்துபோய், நனைத்தால் மறுபடி ஒளிரும். எனக்கு வேண்டியது இதுதான். ஆக விதி இப்படி: மினுக்கோரைத் தண்டுக்குள் பூஞ்சை குடியிருக்கிறது, ஈரம் இருக்கும்வரை ஒளி, காய்ந்தால் உறக்கம், ஒவ்வொரு தடவை எழுப்பும்போதும் பாதி வெளிச்சம் போய்விடும்.

இனி இடம். பொதிகையில் இறங்கி பாபநாசம், கல்லிடைக்குறிச்சி என்று வரும் தாமிரபரணிக் கரை முழுக்க முளைக்கட்டும். ஆனிச் சாரலில் தகதகவென்று ஒளிரும், சித்திரை வெயிலில் வெறும் புல். திருச்செந்தூர்ப் பக்கத்துத் தேரிக்காட்டுச் செம்மணலில் முளைக்கவே முளைக்காது, அங்கே ஈரச் சாக்கில் சுற்றி வண்டியில் கொண்டுபோக வேண்டும். வியாபாரம் வந்துவிட்டது பாருங்கள்.

அப்புறம் யார் பயன்படுத்துகிறார்கள்? பனையேறியிடமிருந்து தொடங்குங்கள். விடியுமுன் ஏறுகிறவருக்கு இரண்டு கையும் மரத்துக்கு வேண்டும், பந்தம் பிடிக்க முடியாது. இடுப்பு அரிவாள் பெட்டியில் நாலு ஈரத் தண்டைச் செருகிக்கொண்டால் பாளை தெரியும். ஆனால் பதநீர் புளிக்காமல் இருக்கக் கலயத்தில் தடவும் சுண்ணாம்பு பட்டால் பூஞ்சை செத்துப்போகும் என்று வைத்துக்கொள்ளுங்கள், ஒவ்வொரு மரத்திலும் அவர் கவனமாக இருந்தாக வேண்டும்.

எனக்கு ரொம்பப் பிடித்தது பாய். பத்தமடையில் கோரையைக் கட்டுக் கட்டாக ஆற்றில் ஊறப்போட்டு, மெல்லிசாகக் கீறிப் பட்டுப்பாய் நெய்வார்கள், கல்யாணப் பாயில் பொண்ணு மாப்பிள்ளை பெயரையும் சேர்த்து நெய்வது உண்டு. உங்கள் உலகத்தில் பெயரை மட்டும் மினுக்கோரையில் நெய்யச் சொல்லுங்கள். பகலில் பார்த்தால் சாதாப் பாய். ராத்திரி தண்ணீர் தெளித்துக் கையால் நீவினால் முதலில் ஓரம், பிறகு ஒவ்வோர் எழுத்தாகப் பச்சை ஏறும். மூன்று நாலு தடவைக்கு மேல் தாங்காது, அதனால் எந்த ராத்திரிக்குத் தெளிப்பது என்று வீட்டுக்குள்ளேயே சண்டை வரும்.

மருந்தாக்கும் ஆசை வந்தால் கொஞ்சம் அடக்குங்கள். பொதிகை என்றதும் அகத்தியர், சித்தர், சோதி விருட்சம் என்று கை தானாகப் போகும், சர்வரோக நிவாரணி ஆனதும் கதை படுத்துவிடும். அதைவிட, செடியை யார் காட்டிக்கொடுத்தார்கள், காசு யாருக்குப் போகிறது என்று கேளுங்கள். அதே மலைக்குக் கேரளப் பக்கத்தில் காணிப் பழங்குடி மக்கள் சொன்ன ஆரோக்கியப்பச்சை என்ற செடியிலிருந்து ஜீவனி என்ற மருந்து வந்தபோது, வருமானத்தில் அவர்களுக்குப் பங்கு என்று ஒப்புக்கொண்டார்கள். உங்கள் ராஜா ஒப்புக்கொள்வாரா?

செடியை முதல்முறை காட்டும் இடத்தில் விளக்கம் வேண்டாம். சந்தையில் ஒரு பெண் மினுக்கோரைக் கட்டைத் தூக்கி, நிழலில் வைத்துப் பார்த்துவிட்டு, “என்ன அண்ணாச்சி, இது முந்தாநாள் அறுத்ததுல்லா? பாதி வெலைன்னா எடுக்கேன்” என்று கேட்டால் போதும்.