ஆம்பள வேஷத்துல போருக்குப் போன பொண்ணுங்க: இவங்கள பத்தி எழுதுறப்ப தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஒரு கருப்பு வெள்ளை போட்டோ நெட்ல சுத்திட்டே இருக்கும், நீங்களும் பாத்திருப்பீங்க. அமெரிக்க உள்நாட்டுப் போர் (1861-65, வடக்கு மாநிலங்களுக்கும் தெற்கு மாநிலங்களுக்கும் நடந்தது) காலத்து குதிரைப்படை யூனிஃபார்ம், குட்டையா வெட்டின முடி, கையில வாள், பக்கத்துலயே அதே ஆளு கவுன் போட்டுட்டு இருக்கிற இன்னொரு படம். பேரு ஃபிரான்செஸ் கிளேட்டன். புருஷன் கூடவே சண்டைக்குப் போனாங்க, ஸ்டோன்ஸ் ரிவர் போர்ல இவங்க கண்ணு முன்னாடியே அவரு செத்து விழுந்தாரு, அவர தாண்டிப் போய் சண்டை போட்டாங்கன்னு கீழ எழுதிருக்கும். நானும் சில வருஷம் முன்ன அத அப்படியே நம்பி எழுதிட்டேன். அப்பறம் தேடிப் பாத்தா போட்டோ உண்மைதான், பாஸ்டன்ல ஒரு ஸ்டுடியோவுல எடுத்தது, ஆனா கதை மொத்தமும் அந்தக் காலத்து பேப்பர்ல வந்த செய்தி, ஒரு பேப்பர் ஒரு ரெஜிமென்ட் (படைப்பிரிவு) சொல்லுது, இன்னொண்ணு வேற சொல்லுது, ராணுவ ரெக்கார்ட வச்சு உறுதி பண்ண முடியல. எனக்கு இதுல பெரிய வருத்தம் என்னன்னா, கைப்பட எழுதின கடிதமும் பென்ஷன் ஃபைலும் விட்டுட்டுப் போனவங்கள யாருக்கும் தெரியல, ஆதாரம் நிக்காத கதைதான் ஊர சுத்துது.

முதல்ல விட வேண்டியது இந்தக் காதல் காரணம். காதலன தேடி பொண்ணு ஆம்பள துணி போட்டு பட்டாளத்துல சேருவா, மார்புல குண்டு படும், சட்டைய கழட்டுறப்ப குட்டு உடையும், கடைசியில கல்யாணம். இங்கிலாந்துல தெருப்பாட்டா அச்சடிச்சு வித்த காலத்துல இருந்து இதுதான் அச்சு, பத்தொன்பதாம் நூற்றாண்டு கதை, நாடகம் எல்லாத்துலயும் இதே அச்சுதான், நம்ம ஆளுங்க எழுதுறப்பயும் அதே அச்சுல ஊத்திடுறோம். புருஷன், காதலன் கூட போனவங்க இருந்தாங்க, இல்லன்னு சொல்லல. ஆனா சேரா ரோசெட்டா வேக்மேன பாருங்க. நியூயார்க் மாநிலத்துல ஒரு விவசாயக் குடும்பம், மூத்த பொண்ணு, வீட்டுல கடன். 1862ல 19 வயசுல வீட்ட விட்டுக் கிளம்பி ஆம்பள வேஷத்துல கால்வாய்ல நிலக்கரி ஏத்திப் போற படகுல வேலைக்குச் சேர்றாங்க, நாலு நடைக்கு 20 டாலர் பேச்சு. அங்க பட்டாளத்துக்கு ஆள் எடுக்க வந்தவங்க சேந்தா கையில 152 டாலர்னு சொல்றாங்க, அதுக்கு மேல மாசம் 13 டாலர் சம்பளம். ஒரு பொண்ணா இருந்து வீட்டு வேலை செஞ்சா இந்தப் பணத்த எத்தன வருஷத்துல பாத்திருப்பாங்கன்னு யோசிங்க. லயன்ஸ் வேக்மேன்னு பேர் கொடுத்து 153வது நியூயார்க் ரெஜிமென்ட்ல சேந்துட்டாங்க, பணத்த வீட்டுக்கு அனுப்பிட்டே இருந்தாங்க.

அவங்க கடிதத்துல ஒரு இடம் என்னால மறக்கவே முடியாது. வாஷிங்டன்ல கேரல் ஜெயில்ல இவங்களுக்கு காவல் டியூட்டி. உள்ள பொண்ணு கைதிங்க சிலர், அதுல ஒருத்தங்க வடக்குப் படையிலயே மேஜரா இருந்தவங்க, ஆலங்கட்டி மழை மாதிரி குண்டு வர்றப்ப குதிரை மேல இருந்து ஆர்டர் போட்டவங்க, போர் விதிப்படி நடக்கலன்னு உள்ள வச்சிருக்காங்கன்னு வீட்டுக்கு எழுதுறாங்க. கம்பிக்கு உள்ள ஒரு பொண்ணு சிப்பாய், கம்பிக்கு வெளிய துப்பாக்கியோட காவல் நிக்கிறதும் ஒரு பொண்ணு சிப்பாய், வெளிய இருக்கிறது யாருன்னு கூட இருக்கிறவங்களுக்கே தெரியாது. எழுதி முடிச்சு அடியில ரோசெட்டான்னு சொந்தப் பேர்லயே கையெழுத்து போட்டு அனுப்புவாங்க பல தடவை, அது எவ்வளவு பெரிய ரிஸ்க்.

அடுத்தது, "அதெப்படி யாருக்குமே தெரியாம போகும், சும்மா கதை விடுறாங்க"ன்னு ஒரேயடியா தள்ளிடுறது. இன்னைக்கு ஆர்மி மெடிக்கல மனசுல வச்சு அத பாக்கக் கூடாது. முழுசா பரிசோதிக்கணும்னு விதி இருந்துச்சு, ஆனா ஆள் அவசரமா வேணும், டாக்டர் ஒரு நாளைக்கு எத்தனையோ பேர பாக்கணும், கை கால் இருக்கா, காகிதத்துல சுத்தின தோட்டாவ கடிச்சுக் கிழிக்க முன்பல் இருக்கா, ட்ரிகர் அழுத்த விரல் இருக்கா, அவ்வளவுதான் பல இடத்துல. மீசை முளைக்காத பசங்க வயச ஏத்திச் சொல்லி சேந்துட்டு இருந்ததால, மழமழன்னு முகமும் மெல்லிசான குரலும் யார் கண்ணையும் உறுத்தல. யூனிஃபார்ம் தொளதொளன்னு இருக்கும், தூங்குறதும் அதே துணியோடதான், கேம்ப்ல கக்கூஸ்னு இருந்த குழி நாறுதுன்னு பாதிப் பேரு காட்டுப் பக்கம்தான் போவாங்க, தனியா போனா யாரும் ஏன்னு கேக்க மாட்டாங்க. இது எல்லாத்தையும் விட, பேன்ட் போட்டா ஆம்பள, பாவாடை கட்டினா பொம்பளன்னு அந்தக் காலத்துக் கண்ணு பழகியிருந்துச்சு. ஃபிரெட்ரிக்ஸ்பர்க் சண்டை முடிஞ்சு ஒரு மாசத்துல நியூஜெர்சி ரெஜிமென்ட் ஒண்ணுல ஒரு கார்ப்பரலுக்கு (சிப்பாய்க்கு ஒரு படி மேல இருக்கிற பதவி) குழந்தை பிறந்துச்சுன்னு கேம்ப்ல இருந்த சிப்பாய்ங்க வீட்டுக்கு எழுதின கடிதங்கள் இருக்கு. நிறைமாசம் வரைக்கும் கூட நின்னவங்களுக்குத் தெரியல.

வேக்மேன் கதையும் அப்படித்தான் முடியுது. 1864ல லூசியானாவுல ரெட் ரிவர் படையெடுப்பு, ப்ளெசன்ட் ஹில்ல சண்டை போட்டாங்க, குண்டுல சாகல, வயித்துப்போக்குல நியூ ஆர்லியன்ஸ் ஆஸ்பத்திரியில கிட்டத்தட்ட ஒரு மாசம் கிடந்து ஜூன் 19ல செத்துப் போனாங்க. அந்த ஒரு மாசத்துல தெரிஞ்சுதுன்னு ஒரு வரி கூட பதிவு இல்ல. சால்மெட் கல்லறையில இன்னைக்கும் லயன்ஸ் வேக்மேன்னுதான் கல்லு நிக்குது. கடிதங்கள் வீட்டுப் பரண்ல கிடந்து 1994லதான் புத்தகமா வந்துச்சு.

இப்ப சுயசரிதைகள். அவங்களே எழுதினது ஆச்சே, அப்பறம் என்ன சந்தேகம்னு தோணும், அங்கதான் ரொம்ப பேரு வழுக்குறாங்க. ரஷ்யாவோட நதேஷ்தா துரோவா நெப்போலியனுக்கு எதிரா குதிரைப்படையில சண்டை போட்டவங்க. விஷயம் தெரிஞ்ச ஜார் முதலாம் அலெக்சாண்டர் 1807ல கூப்பிட்டு செயின்ட் ஜார்ஜ் சிலுவைங்கிற வீரப் பதக்கமும் கொடுத்து, அலெக்சாண்ட்ரோவ்னு தன் பேர்ல இருந்தே ஒரு பேரும் கொடுத்து ஆபீசரா ஆக்கினாரு, 1812ல பொரொதினோ சண்டையில கால்ல அடிபட்டுச்சு, இதெல்லாம் உறுதியான விஷயம். 1836ல கவிஞர் புஷ்கின் தன் பத்திரிகையில இவங்க எழுதினத போட்டாரு. அதுல இவங்க 16 வயசு கன்னிப் பொண்ணா, ஆத்தங்கரையில துணிய கழட்டிப் போட்டுட்டு குதிரை ஏறிப் போயிடுறாங்க. நிஜத்துல அப்ப வயசு 23, கல்யாணம் ஆயிருச்சு, மூணு வயசுல ஒரு பையன். புருஷனும் பிள்ளையும் புத்தகத்துலயே இல்ல. இதுக்காக அவங்கள பொய்க்காரின்னு நான் சொல்ல மாட்டேன். பிள்ளைய விட்டுட்டுப் போன தாய்னு தெரிஞ்சா அந்தக் காலத்துல ஒருத்தர் அத படிச்சிருப்பாங்களா? ஆனா நாம 16 வயசுன்னு எழுதினா அது நம்ம தப்பு.

சேரா எம்மா எட்மண்ட்ஸும் அதே மாதிரி. கனடாவுல அப்பா பாத்த கல்யாணம் வேண்டாம்னு ஓடி வந்தவங்க, ஃபிராங்க் தாம்ப்சன்னு பேர் வச்சு 2வது மிச்சிகன் ரெஜிமென்ட்ல இருந்தாங்க, 1863ல மலேரியா வந்து, ஆஸ்பத்திரிக்குப் போனா மாட்டிப்போம்னு பயந்து ஓடினாங்க, ஓடிப்போன சிப்பாய்னு பதிவாச்சு. பழைய சகாக்கள் சாட்சி சொல்லி 1884ல அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ் மாசம் 12 டாலர் பென்ஷன் கொடுத்துச்சு. இவ்வளவும் ரெக்கார்டுல இருக்கு. ஆனா அவங்க புத்தகத்துல வர்ற, தோல கருப்பாக்கிட்டு எதிரி முகாமுக்குள்ள வேவு பாக்கப் போன கதைகள வரலாற்று ஆய்வாளர்கள் பலர் நம்புறது இல்ல. ஷேர் ஆகுறது என்னமோ அந்த வேவுக் கதைதான்.

கவிதைய வரலாறா எடுத்துக்கிறது இன்னொரு கொடுமை. போலந்து, லித்துவேனியா பக்கம் ரஷ்ய ஆட்சிக்கு எதிரான 1831 எழுச்சியில சண்டை போட்ட எமிலியா பிளாட்டர பத்தி போலந்துக் கவிஞர் மிட்ஸ்கேவிச் ஒரு கவிதை எழுதினாரு. காட்டுக் குடிசையில ஒரு கர்னல் சாகக் கிடக்குறாரு, கடைசியில பாத்தா அது ஒரு கன்னிப் பொண்ணு. நெஞ்ச உலுக்குற கவிதை, சந்தேகமே இல்ல. ஆனா பிளாட்டர் முடிய வெட்டி யூனிஃபார்ம் போட்டாங்களே தவிர யாருன்னு மறைக்கல, பிரபு குடும்பத்துப் பொண்ணுன்னு எல்லாருக்கும் தெரியும், பதவி கேப்டன், உடம்பு முடியாம ஒரு பண்ணை வீட்டுல டிசம்பர்ல இறந்தாங்க. துணிய பாத்து மாறுவேஷம்னு முடிவு பண்ணக் கூடாதுங்கிறதுக்கு ஜான்சி ராணியும் உதாரணம். 1858 ஜூன்ல குவாலியர் பக்கத்துல குதிரைவீரன் உடுப்புல சண்டை போட்டு செத்தாங்க, ஆனா ராணியா எல்லாருக்கும் தெரிஞ்சே படை நடத்தினவங்க, இந்த லிஸ்ட்ல சேக்கக் கூடாது.

அமெரிக்க உள்நாட்டுப் போர்ல 400 பொண்ணுங்க ஆம்பள வேஷத்துல இருந்தாங்கன்னு சொல்ற எண்ணிக்கை பத்தியும் சொல்லணும். அது மேரி லிவர்மோர்னு போர்க்கால நிவாரண வேலை பாத்தவங்க, வடக்குப் படைக்கு மட்டும் யாரோ சொன்னதா எழுதின ஒரு உத்தேசம், அதுவும் நிஜத்துல இன்னும் கூட இருக்கும்னு அவங்களே சொல்றாங்க. பின்னால ஆய்வாளர்கள் ரெண்டு பக்கமும் சேத்து கிட்டத்தட்ட 250 பேர தேடி எடுத்திருக்காங்க. 400ங்கிறத எண்ணிப் பாத்த கணக்கு மாதிரி போடாதீங்க.

கடைசியா ஒண்ணு, இதுல ரொம்ப கவனம் வேணும். போர் முடிஞ்ச பிறகும் வேஷம்னு சொல்ல முடியாதபடி ஆம்பளயாவே வாழ்ந்தவங்க இருக்காங்க. எழுத்துல "அவர்"னு போட்டா தமிழ் நமக்கு ஒரு பொது இடம் தருது, பேச்சு நடையில "அவரு"ன்னா ஆம்பள, "அவங்க"ன்னா பெரும்பாலும் பொம்பளன்னு ஆயிடுது, அதனால எழுதுறதுக்கு முன்ன அந்த ஆள் தன்ன எப்படி வச்சுக்கிட்டாருன்னு பாருங்க. ஆல்பர்ட் கேஷியர் அயர்லாந்துல ஜென்னி ஹாட்ஜர்ஸா பிறந்தவரு. 95வது இல்லினாய் ரெஜிமென்ட்ல மூணு வருஷம், விக்ஸ்பர்க் முற்றுகை உட்பட சுமார் 40 மோதல். போருக்கு அப்பறமும் சோனெமின்னு ஒரு சின்ன ஊர்ல ஆம்பளயாவே கூலி வேலை பாத்து, ஓட்டு போட்டு, பென்ஷன் வாங்கி வாழ்ந்தாரு. 1911ல கார் மோதி கால் உடைஞ்சு டாக்டருக்குத் தெரிஞ்சது, வயசான சிப்பாய்கள் இல்லத்துல முதல்ல மறைச்சு வச்சாங்க, அப்பறம் மனநல ஆஸ்பத்திரிக்கு மாத்திட்டாங்க. அங்க பாவாடை கட்ட வச்சாங்க, அம்பது வருஷத்துக்கு மேல பேன்ட் போட்டு நடந்தவரு. பழைய ரெஜிமென்ட் ஆளுங்க பாக்க வந்தாங்க, இவர்தான் எங்க கேஷியர்னு பென்ஷன் விசாரணையில சாட்சி சொன்னாங்க, பென்ஷன் நிக்கல. 1915 அக்டோபர்ல இறந்தப்ப யூனிஃபார்ம் போட்டு ராணுவ மரியாதையோட அடக்கம் பண்ணாங்க. கல்லுல ஆல்பர்ட் கேஷியர், 95வது இல்லினாய்னு மட்டும் இருந்துச்சு. 1970கள்ல ஊர்க்காரங்க பக்கத்துலயே இன்னொரு கல்லு வச்சாங்க, அதுல பிறந்தப்ப வச்ச பேரு, வாழ்ந்த பேரு ரெண்டுமே இருக்கு. பழைய கல்ல எடுக்கல.