ட்ரம்மர் கிடைக்காதவர்களுக்கு சைபர்கிரைண்ட்: முதல் ப்ளாஸ்ட் பீட்டை ப்ரோகிராம் செய்வது எப்படி

பாலக்காட்டுக்குக் கிழக்கே கேரள-தமிழ்நாட்டு எல்லையில் கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம் பக்கம் கிதார் வாசிக்கிற பசங்களுக்குப் பஞ்சமே இல்லை. ட்ரம்மருக்குத்தான் பஞ்சம். இருக்கிற ஒன்றிரண்டு பேரும் கானமேளா (மெல்லிசை) ட்ரூப்பிலோ சர்ச் கொயரிலோ வாசிக்கிறார்கள். அவர்களிடம் போய் 240 பி.பி.எம்-இல் (நிமிடத்துக்கு 240 பீட்) ப்ளாஸ்ட் பீட், அதாவது கால் ட்ரம்மும் (கிக்) கை ட்ரம்மும் (ஸ்நேர்) மாறி மாறி இடைவிடாமல் விழும் அதிவேக அடி, வேண்டும் என்று கேட்டால், "மாப்ள, திங்கக்கிழம எனக்குக் கை வேணும்" என்று சொல்லிவிட்டு டீயைக் குடிப்பார்கள். அதில் தப்பும் இல்லை. ஆகவே லேப்டாப்பை ட்ரம்மராக்கினேன். அப்படிச் செய்கிற அதிவேக மெட்டல் இசைக்கு சைபர்கிரைண்ட் என்று ஒரு பெயரும் இருக்கிறது.

லேப்டாப்பில் ஒரு மென்பொருளை நிறுவி ட்ராக் போடத் தெரியும் என்று எடுத்துக்கொள்கிறேன். அது தெரியாவிட்டால் யூடியூபில் தமிழிலேயே நிறைய வீடியோ இருக்கிறது, பார்த்துவிட்டு வாருங்கள்.

படி 1: எந்த சைபர்கிரைண்ட் என்று முடிவு செய்யுங்கள்

இதைத் தாண்டிப் போய்விடாதீர்கள். இந்தப் பெயரைத் தேடினால் ஒன்றுக்கொன்று ஒட்டாத சமாச்சாரங்கள் வந்து விழும். நீங்கள் எதைச் செய்யப் போகிறீர்கள் என்பதைப் பொறுத்துத்தான் கீழே வரும் அமைப்புகள் எல்லாம் மாறும்.

முதல் வகை, ட்ரம்மருக்குப் பதிலாக ட்ரம் மெஷின். மற்றதெல்லாம் சாதாரண கிரைண்ட்கோர்தான்: கிதார், கத்தல், அரை நிமிடப் பாட்டு. இதற்குப் பெரிய உதாரணம் அமெரிக்காவின் அகோரஃபோபிக் நோஸ்ப்ளீட். பிக் டிஸ்ட்ராயர் இசைக்குழுவின் கிதாரிஸ்ட் ஸ்காட் ஹல் 1994-இல் தொடங்கியது. 2003-இல் ஒரு மூன்றங்குல சிடியில் 100 பாட்டைப் போட்டார்கள், மொத்தமாகவே சுமார் 20 நிமிடம்தான். மனிதக் கை எட்டாத வேகத்தை எட்டுவதே அங்கே மெஷினின் வேலை. இதற்கு முன்பே, 1988-இல் பர்மிங்காமில் உருவான காட்ஃப்ளெஷ் ட்ரம் மெஷினோடு கனமான இசை செய்தது. ஆனால் அது மெதுவாக நசுக்குகிற இசை. அதை யாரும் சைபர்கிரைண்ட் என்று சொல்வதில்லை.

இரண்டாம் வகையில் எலெக்ட்ரானிக் இசை சரிபாதிப் பங்காளி. நியூயார்க் மாநிலத்தில் 2004-இல் தொடங்கிய ஜெங்கிஸ் ட்ரான் இந்த வகைதான். அரை நிமிடம் வெறித்தனம், உடனே சின்த் மெலடி, மறுபடி வெறித்தனம். ஆரம்ப ஆல்பங்களில் ட்ரம்மர் கிடையாது, எல்லாம் ப்ரோகிராம். 2021-இல் வந்த ஆல்பத்தில் நிஜ ட்ரம்மரைச் சேர்த்துக்கொண்டார்கள். இசையும் கிரைண்டை விட்டு வெகுதூரம் போய்விட்டது. மெல்பர்னின் தி பெர்ஸர்க்கரையும் சிலர் இந்தப் பட்டியலில் சேர்ப்பார்கள். காபர் என்ற அதிவேக டெக்னோவின் கிக்கும் டெத் மெட்டலும் கலந்த இசை அது. அதை இண்டஸ்ட்ரியல் டெத் மெட்டல் என்று வைப்பதுதான் சரி என்பது என் கட்சி.

மூன்றாம் வகை மைஸ்பேஸ் காலத்துப் படுக்கையறை இசை. எட்டு பிட் கேம் சத்தம், பிளாஸ்டிக் மாதிரி கேட்கிற மிடி (நோட்டுகளை எண்ணாகக் குறிக்கும் முறை) ட்ரம்ஸ், உச்சக் குரலில் அலறல். பக்கத்து வீடு நின்டெண்டோகோர், அதாவது கேம் சத்தமும் கனமான ராக்கும் கலந்த இசை. இப்போது பேண்ட்கேம்ப் பக்கம் இது மறுபடி தலைகாட்டுகிறது. ஒலி மோசமாக இருப்பதுதான் இதன் அழகு. இந்த வகையைச் செய்கிறவர்கள் நாலாம் படியைத் தாராளமாகத் தாண்டலாம்.

இன்னொன்று இசையே இல்லை. 2020-இல் ஏர்லி ஆக்சஸாக வந்த அல்ட்ராகில் என்ற கேமில் அலை அலையாக எதிரிகள் வந்துகொண்டே இருக்கும் முடிவில்லாத ஆட்டமுறை ஒன்று உண்டு. அதன் பெயரும் தி சைபர் கிரைண்ட். ட்ரம் டுடோரியல் தேடுகிறவருக்கு முதல் பக்கம் முழுக்க இதுதான் வரும். தேடும்போது பெயரோடு ட்ரம்ஸ், க்ரைண்ட்கோர் என்று சேர்த்து, அல்ட்ராகில் என்ற சொல்லுக்கு முன்னால் மைனஸ் போட்டுவிடுங்கள்.

சைபர் மெட்டல் என்பது வேறு. ஃபியர் ஃபேக்டரி மாதிரி, ட்ரம்மர் இருந்தும் மெஷின் போல இறுக்கமாக வாசிப்பது. அந்த ஆசை இருந்தால் இந்தப் பதிவு உங்களுக்கு இல்லை.

படி 2: கருவிகள்

நான் ரீப்பர் பயன்படுத்துகிறேன். 60 நாள் முழுசாக இலவசம், அப்புறம் தனிநபர் லைசன்ஸ் 60 டாலர். பழைய லேப்டாப்பிலும் ஓடும். எஃப்.எல். ஸ்டூடியோவில் அடித்துப் பழகியவர்கள் அதிலேயே இருங்கள், மூன்றாம் வகைக்கு அதுதான் பொருத்தம்கூட. காசே வேண்டாம் என்றால் எல்.எம்.எம்.எஸ். நல்லதுதான், ஆனால் அதில் கிதாரை நேராகப் பதிவு செய்யப் பார்த்தால் வெறுத்துப் போவீர்கள்.

ட்ரம் சத்தத்துக்கு இலவச கிட் ஏதாவது ஒன்று போதும். ஆடியோ இன்டர்ஃபேஸ் இப்போதைக்கு வேண்டாம், எல்லாவற்றையும் மவுஸால்தான் வைக்கப் போகிறோம். ஹெட்ஃபோன் கட்டாயம். லேப்டாப் ஸ்பீக்கரில் கிக்கின் அடிப்பகுதி கேட்கவே கேட்காது. ஐந்தாம் படியில் அது உங்களைக் காலை வாரிவிடும்.

படி 3: வேகமும் கட்டமும்

ப்ரொஜெக்ட் டெம்போ 240. மிடி எடிட்டரில் க்ரிட்டைப் பதினாறில் ஒன்று என்று வையுங்கள். ஒரு பீட் 250 மில்லிவிநாடி, அதை நாலாகப் பிரித்தால் ஒரு கட்டம் 62.5 மில்லிவிநாடி.

ஒற்றைப்படைக் கட்டங்களில் கிக், இரட்டைப்படைக் கட்டங்களில் ஸ்நேர். கிக் விழும் இடத்திலெல்லாம் ரைடோ சைனா சிம்பலோ. மிடி எண்: கிக் 36, ஸ்நேர் 38, மூடிய ஹைஹாட் 42, க்ராஷ் 49, ரைடு 51, சைனா 52. ஒரு பார் வரைந்து எட்டுத் தடவை காப்பி செய்யுங்கள். ப்ளே அழுத்துங்கள். ப்ளாஸ்ட் பீட் தயார்.

இதற்கு மேல் வேகம் வேண்டும் என்றால் எல்லோரும் டெம்போவை இழுத்து 500-இல் விடுவார்கள். செய்யாதீர்கள். 300 பி.பி.எம்-இல் பதினாறில் ஒன்று நோட் என்றால் விநாடிக்கு 20 அடி. அதைத் தாண்டப் போனால் காது தனித்தனி அடியாகக் கேட்பதை நிறுத்திவிட்டு ஒரே ரீங்காரமாகக் கேட்க ஆரம்பித்துவிடும். 500-இல் விநாடிக்கு 33 அடி, வண்டு பறக்கிற மாதிரி இருக்கும். வேண்டுமென்றே அந்த ரீங்காரத்தைச் செய்கிறவர்களும் உண்டு. 1000 பி.பி.எம்-ஐத் தாண்டும் அந்த இசைக்கு எக்ஸ்ட்ராடோன் என்று பெயர். நமக்கு வேண்டியது கிரைண்ட்.

எங்கள் பக்கத்து 'வேலை' எனப்படும் கோயில் திருவிழாக்களில் செண்டைக்காரர்களின் பஞ்சாரி மேளம் நின்று கேட்டவர்களுக்கு இது சுலபமாகப் புரியும். ஐந்து காலம், அதாவது ஐந்து வேகப் படிகள். முதல் காலத்தில் தாளவட்டம் 96 அட்சரம், அடுத்தது 48, அப்புறம் 24, 12, கடைசியில் 6. சுற்று பாதி பாதியாகச் சுருங்கச் சுருங்கத்தான் கூட்டம் கையைத் தூக்க ஆரம்பிக்கும். இங்கேயும் டெம்போவை 240-லேயே விட்டுவிட்டு நோட்டின் நெருக்கத்தை மட்டும் மாற்றுங்கள். இரண்டு பார் எட்டில் ஒன்று, இரண்டு பார் பதினாறில் ஒன்று என்று மாற்றிப் பாருங்கள். மெதுவான பகுதி பக்கத்தில் இருந்தால்தான் வேகம் வேகமாகத் தெரியும். முழுப் பாட்டையும் ஒரே நெருக்கத்தில் வைத்தால் இருபது விநாடியில் காது பழகிப்போய் டேபிள் ஃபேன் மாதிரி ஆகிவிடும்.

(செண்டை பற்றிப் பேசினால் பாலக்காட்டுச் சித்தூரின் கொங்கன்படைத் திருவிழா நினைவுக்கு வருகிறது. கொங்குப் படையை விரட்டியடித்ததைக் கொண்டாடுகிற விழா. தோற்ற கட்சியின் பேரப்பிள்ளைகளான நாங்களும் குடும்பத்தோடு போய்ப் பொரிகடலை வாங்கிக்கொண்டு வருவோம்.)

படி 4: மெஷின்கன்னை வைப்பதா, எடுப்பதா

ஒரே ஸ்நேர் சாம்பிள் ஒரே வேகத்தில் திரும்பத் திரும்ப அடித்தால் டைப்ரைட்டர் போலக் கேட்கும். இதற்கு மெஷின்கன் எஃபெக்ட் என்று பெயர். எல்லா டுடோரியலும் இதை ஒரு நோய் போலப் பேசும். முதல் வகையில் சரி, குறைத்துக்கொள்ளலாம்: ஸ்நேரின் வெலாசிட்டியை (அடியின் பலம், உச்சம் 127) 120, 108, 116, 104 என்று ஏற்றி இறக்குங்கள், சில அடிகளை மூன்று நாலு மில்லிவிநாடி தள்ளி வையுங்கள். கிக்கைத் தொடாதீர்கள், அது க்ரிட்டிலேயே இருக்கட்டும். ஹியூமனைஸ் பட்டனை அழுத்திவிட்டு எல்லாவற்றையும் கலைப்பவர்களைப் பார்த்தால் எனக்குக் கோபம் வரும். ப்ளாஸ்ட் பீட்டில் பத்து மில்லிவிநாடி என்பது ஒரு கட்டத்தில் ஆறில் ஒரு பங்கு. குடித்துவிட்டு வாசித்த மாதிரி இருக்கும்.

இரண்டாம், மூன்றாம் வகைக்கு எல்லாம் 127. மெஷின் மெஷினாகவே கேட்கட்டும்.

படி 5: கிக் காணாமல் போகிற பிரச்சினை

எனக்கு வேலை நின்றுபோன இடம் இது, மெதுவாகவே போவோம்.

வேகம் குறைவாக இருக்கும்போது கிக் கல் மாதிரி விழும். 240-க்குப் போனதும் சில அடிகள் மட்டும் பெரிதாகவும் சில அடிகள் இல்லாத மாதிரியும் கேட்கும். வெலாசிட்டி எல்லாம் 127-தான். வால்யூமை ஏற்றினால் இன்னும் மோசமாகும். கம்ப்ரஸர் போட்டாலும் தீராது.

காரணம் கிக் சாம்பிளின் வால். நல்ல கிக் சாம்பிள் ஒன்று 300, 400 மில்லிவிநாடி நீளம் இருக்கும். நம் பீட்டில் இரண்டு கிக்குக்கு நடுவே இருப்பது வெறும் 125 மில்லிவிநாடி. ஆக முதல் கிக்கின் வால் அடங்குவதற்குள் இரண்டாவது, மூன்றாவது கிக் வந்து மேலே விழுகிறது. 60 ஹெர்ட்ஸ் அலை ஒரு சுற்று முடிக்க சுமார் 17 மில்லிவிநாடி. பழைய வால் மேலே போகும் நேரத்தில் புதிய கிக்கும் மேலே போனால் இரண்டும் கூடிப் பெரிதாகும். எதிரெதிரே போனால் ஒன்றையொன்று தின்றுவிடும். காணாமல் போன கிக் அங்கேதான் போகிறது.

தீர்வு, ஒரு நேரத்தில் ஒரே ஒரு கிக் மட்டும் ஒலிக்க வைப்பது. ரீப்பரோடு கூடவே வருகிற ரியாசாம்பிளொமாட்டிக் 5000-இல் கிக் சாம்பிளைப் போடுங்கள். நோட்டின் தொடக்கம், முடிவு இரண்டையும் 36 என்று வையுங்கள். மேக்ஸ் வாய்ஸஸ் 1. ஓபே நோட்ஆஃப்ஸ் என்ற பெட்டியில் டிக். ரிலீஸ் 8 மில்லிவிநாடி. ரிலீஸைச் சுத்தமாகப் பூஜ்யமாக்கினால் ஒவ்வொரு அடியின் முடிவிலும் 'டிக்' என்று ஒரு சின்னச் சத்தம் வரும். இதற்கு அப்புறம் நோட்டின் நீளம்தான் கிக்கின் நீளம். மிடி எடிட்டரில் கிக் நோட்டை ஒரு கட்டத்தைவிடக் கொஞ்சம் குறைவாக வையுங்கள்.

பிறகு ஈக்வலைசர்: 45 ஹெர்ட்ஸுக்குக் கீழே வெட்டு, 4 கிலோஹெர்ட்ஸ் பக்கம் ஐந்தாறு டெசிபல் தூக்கு. இந்த வேகத்தில் காது கிக்கை அடையாளம் காண்பதே அந்த மேல் பக்க 'டக்' சத்தத்தை வைத்துத்தான். கிதாரைச் சேர்த்தபின் இது தெளிவாகத் தெரியும்.

ட்ரம் கிட் ப்ளக்இன்னில் கிக்குக்கு டிகே (சத்தம் தேயும் நேரம்) என்ற திருகு இருந்தால் அதைக் குறைத்தாலும் பாதிப் பிரச்சினை தீரும்.

படி 6: இரண்டாம் வகைக்காரர்களுக்கு மட்டும்

உங்களுக்கு இதே வால் வேண்டும். காபர் கிக் என்பதே 909 ட்ரம் மெஷினின் கிக்கை டிஸ்டார்ஷனில் போட்டு நசுக்கி, வாலை ஒரு ஸ்வரம் போல ஆக்குவதுதான். ஆகவே இரண்டு கிக் ட்ராக் வைத்துக்கொள்ளுங்கள். ப்ளாஸ்ட் பகுதிக்கு ஐந்தாம் படியில் செய்த குட்டைக் கிக். எலெக்ட்ரானிக் பகுதிக்கு வால் நீண்ட கிக், பீட்டுக்கு ஒன்றாக மட்டும். நீண்ட கிக்கின் சுருதியைக் கிதாரின் அடித்தந்தி நோட்டுக்குக் கொண்டுவாருங்கள். இல்லாவிட்டால் இரண்டும் சேரும்போது அடிவயிற்றில் உறுமும்.

இரண்டு பகுதிக்கும் நடுவே ஃபேட் வேண்டாம். ஒரு கட்டம் முழு மௌனம் விட்டு, சட்டென்று வெட்டுங்கள்.

படி 7: ஏற்றுமதி

ட்ரம்ஸை வேவ் கோப்பாக எடுங்கள், எம்பி3 வேண்டாம். மாஸ்டரில் மைனஸ் 6 டெசிபல் இடம் விடுங்கள். இணையத்தில் ஏற்றும்போது சைபர்கிரைண்ட் என்பதோடு கிரைண்ட்கோர் டேக்கையும் சேர்த்துப் போடுங்கள். இல்லாவிட்டால் கேம் ஆடுகிறவர்கள்தான் வந்து கேட்டுவிட்டு ஏமாந்து போவார்கள்.

பின்சேர்க்கை

மீனாட்சிபுரத்திலிருந்து ஒரு தம்பி எழுதியிருக்கிறார்: "அண்ணா, கிக் சி2-ன்னு ஒரு வீடியோல சொன்னாங்க, எஃப்.எல்.ல சி2-ல வச்சா சத்தமே வரல." வராதுதான். ஒரே 36-ஆம் எண் ரீப்பரில் சி2, எஃப்.எல். ஸ்டூடியோவில் சி3, க்யூபேஸில் சி1. நடு சி எனப்படும் 60-ஐ ஒருவர் சி4 என்கிறார், ஒருவர் சி5 என்கிறார், ஒருவர் சி3 என்கிறார். அதனால்தான் மேலே எங்கேயும் எழுத்துப் பெயரைச் சொல்லாமல் எண்ணாகவே கொடுத்தேன். எஃப்.எல்-இல் எல்லா நோட்டையும் செலக்ட் செய்து கன்ட்ரோலோடு மேல் அம்புக்குறியை ஒரு தடவை அழுத்துங்கள், ஒரு ஆக்டேவ் ஏறி சரியான இடத்தில் உட்கார்ந்துவிடும்.

இன்னொருவர் கேட்டது: கிக்குக்கு மேக்ஸ் வாய்ஸஸ் 1 வைத்தது போல ஸ்நேருக்கும் வைக்கலாமா? வேண்டாம். ஸ்நேரின் வாலில் அடி அலை அதிகம் இல்லை, ஒன்றின் மேல் ஒன்று விழுந்தாலும் கெட்டுப்போகாது. வெட்டினால்தான் தகர டப்பா மாதிரி கேட்கும். மூன்றாம் வகை செய்கிறீர்கள் என்றால் வெட்டுங்கள்.