சாங்குவின்: அகராதியில் பொருள் பார்த்த பிறகு செய்ய வேண்டியவை

ஆங்கிலத்தில் பொருளாதாரக் கட்டுரையோ பழைய நாவலோ படிக்கும்போது 'சாங்குவின்' என்ற சொல் குறுக்கே வந்து நிற்கும். அகராதியைத் திறந்தால் ஓரிடத்தில் 'நம்பிக்கை மிகுந்த' என்று இருக்கும், அதற்குக் கீழே 'ரத்தச் சிவப்பான', இன்னும் கீழே 'ரத்தம் சார்ந்த'. படிப்பதற்கு மட்டும் என்றால் இடத்தைப் பார்த்து ஊகித்துக்கொண்டு போய்விடலாம். நாமே எழுத வேண்டும் என்றால் ஊகம் கைகொடுக்காது. இந்தச் சொல்லைத் தயங்காமல் எழுதும் அளவுக்கு நான் வந்த வழியை வரிசையாகத் தருகிறேன். மற்ற அரிய பெயரடைகளுக்கும், அதாவது அட்ஜெக்டிவ்களுக்கும், இதே வழி ஒத்துவரும். பெயரடை என்றால் என்ன, அகராதியில் எப்படித் தேடுவது என்பதையெல்லாம் விளக்கப் போவதில்லை, நேராக வேலைக்குப் போய்விடுவோம்.

படி 1: வாயால் சொல்லிப் பாருங்கள்

எழுத்துகள் எஸ், ஏ, என், ஜி, யு, ஐ, என், ஈ. கடைசியில் நிற்கும் ஈ ஒலிக்காது. பெங்குவின் என்று சொல்லத் தெரியும் அல்லவா, அந்த 'ங்குவின்' அப்படியே இதிலும் வருகிறது, முன்னால் உள்ள ஒலியை மட்டும் மாற்றினால் போதும். அந்த முதல் ஒலியைத் தமிழில் 'சா' என்று எழுதியிருக்கிறேனே தவிர, உண்மையில் அது 'பேங்க்' என்பதில் வரும் குறுகிய உயிரொலி, நம் எழுத்தில் அதற்குப் பொருத்தமான குறி கிடையாது. அழுத்தம் முதல் அசையில். எழுத்தைப் பார்த்துவிட்டு 'சாங்குவைன்' என்று நீட்டிச் சொல்லிப் பழக வேண்டாம். வாய்க்கு வராத சொல் எழுதும்போதும் கைக்கு வராது, அதனால்தான் இதை முதலில் வைத்தேன்.

படி 2: எந்த அகராதி என்பதை முடிவு செய்யுங்கள்

ஆக்ஸ்ஃபோர்டின் பெரிய ஆங்கில அகராதி, 1928இல் முழுமை பெற்ற அந்தப் பல தொகுதி அகராதி, பொருள்களைக் கால வரிசையில் அடுக்குகிறது. மிகப் பழைய பொருள் முதலில் வரும், இன்று எல்லோரும் பயன்படுத்தும் பொருள் எங்கோ கீழே இருக்கும். அது ஆராய்ச்சிக்கு வேண்டிய அகராதி. புதிதாகக் கற்பவர் அதைத் திறந்து முதல் வரியைப் பிடித்துக்கொண்டால் சாங்குவின் என்பது நிறத்தின் பெயர் என்றே நினைத்துவிடுவார்.

கற்பவர்களுக்கென்றே தொகுத்த அகராதிகள் இன்றைய பொருளில் தொடங்கும். லாங்மன், கேம்பிரிட்ஜ், ஆக்ஸ்ஃபோர்டு லேர்னர்ஸ் எல்லாமே நல்லவைதான், ஆனால் எனக்கு கோபில்ட் மேல்தான் பிரியம். 1987இல் முதலில் வந்தபோதே அதன் ஆசிரியர்கள் ஒரு காரியம் செய்தார்கள்: பொருளைத் துண்டாகத் தராமல் முழு வாக்கியமாக எழுதினார்கள். ஒருவர் ஒரு விஷயத்தைப் பற்றி சாங்குவினாக இருக்கிறார் என்றால், அது தான் விரும்பும் விதமாகவே நடக்கும் என்று அவர் மகிழ்ச்சியோடு நம்புகிறார் என்கிற ரீதியில் விளக்கம் போகும். அந்த ஒரு வாக்கியத்திலேயே இது ஆளுக்கு வரும் சொல், பின்னால் 'அபவுட்' சேரும், பேச்சு வரப்போவதைப் பற்றியது என்ற மூன்றும் வந்துவிடுகின்றன. ஆங்கிலம்-தமிழ் அகராதியைக் கடைசியில் பாருங்கள். 'நம்பிக்கை மிகுந்த' என்ற இரண்டு சொல் சரியான பொருள்தான், ஆனால் அதை மட்டும் வைத்துக்கொண்டு ஒரு வாக்கியம்கூட எழுத முடியாது.

படி 3: ரத்தத்துக்கும் நம்பிக்கைக்கும் என்ன தொடர்பு

இதைத் தெரிந்துகொண்டால் மூன்று பொருளும் தனித்தனியாக மனப்பாடம் செய்ய வேண்டியவை இல்லை என்பது புரியும். லத்தீனில் 'சாங்குவிஸ்' என்றால் ரத்தம். பிரெஞ்சு வழியாக இடைக்கால ஆங்கிலத்துக்கு வந்தது. உடம்பில் ரத்தம், கபம், மஞ்சள் பித்தம், கரும்பித்தம் என்று நான்கு திரவங்கள் ஓடுவதாகவும், எது மிகுந்திருக்கிறதோ அதை வைத்து ஒருவருடைய குணம் அமைவதாகவும் பழைய கிரேக்க மருத்துவர்கள் நம்பினார்கள். 2ஆம் நூற்றாண்டில் கேலன் இதை விரிவாக எழுதி வைக்க, ஐரோப்பிய மருத்துவம் ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேலாக இதையே பிடித்துக்கொண்டிருந்தது. ரத்தம் மிகுந்தவர் முகம் சிவந்து, சுறுசுறுப்பாக, எதற்கும் கலங்காமல் உற்சாகமாக இருப்பார் என்பது கணக்கு. அவர்தான் சாங்குவின் ஆள். மருத்துவக் கொள்கை செத்துப்போனது, அந்த உற்சாகமும் நம்பிக்கையும் மட்டும் சொல்லில் தங்கிவிட்டன. கபம் மிகுந்தவர் ஃப்ளெக்மாடிக், மஞ்சள் பித்தக்காரர் கோலெரிக், கரும்பித்தக்காரர் மெலன்கோலிக். நான்கையும் சேர்த்துக் கற்றுக்கொள்ளுங்கள், ஒன்று மற்றொன்றை நினைவில் நிறுத்தும்.

14ஆம் நூற்றாண்டில் ஆங்கிலக் கவிஞர் சாசர் தன் கேன்டர்பரி கதைகளின் முன்னுரையில் இந்தச் சொல்லை இரண்டு விதமாகவும் வைத்திருக்கிறார். விருந்து பிரியரான நிலக்கிழாரின் உடல்வாகைச் சொல்லும் இடத்தில் அது குணம், மருத்துவர் உடுத்திய துணியைச் சொல்லும் இடத்தில் நிறம். நிறப் பொருள் இன்று முழுக்க மறையவும் இல்லை. ஓவியர்கள் செஞ்சுண்ணக் கட்டியால் வரையும் படத்துக்கு சாங்குவின் என்றே பெயர், அங்கே அது பெயர்ச்சொல். லியனார்டோ டா வின்சி வரைந்ததாகச் சொல்லப்படும், டூரின் நகரின் அரச நூலகத்தில் இருக்கும் அந்தத் தாடிக்கார முதியவரின் படம் இந்த வகைதான். முகநிறத்தைச் சொல்லும் 'சாங்குவின் காம்ப்ளெக்ஷன்' பழைய நாவல்களில் கண்ணில் படும். வேறெங்கே பார்த்தாலும், வாக்கியத்தில் நிறமோ முகமோ துணியோ இல்லை என்றால், நம்பிக்கை என்ற பொருளையே எடுத்துக்கொள்ளுங்கள்.

படி 4: எதோடு சேரும், எதோடு சேராது

இங்கேதான் நிதானமாக உட்கார வேண்டும். எனக்கு நெடுநாள் பிடிபடாமல் இருந்ததும் இதுதான். பொருள் தெரிந்திருந்தும் எழுதுகிற வாக்கியம் ஏதோ ஒட்டாமல் நிற்கும், ஏன் என்று எந்த அகராதியும் நேராகச் சொல்லாது.

முதலில், இது ஆளுக்கும் ஆளின் எண்ணத்துக்கும் மட்டுமே ஒட்டும் சொல். நம்பிக்கை தரும் செய்தி வந்தால் அதை 'சாங்குவின் நியூஸ்' என்று சொல்லக் கூடாது, அந்தச் செய்தி 'என்கரேஜிங்', அதைக் கேட்டு மனம் தெளிந்தவர்தான் சாங்குவின். தமிழில் 'நம்பிக்கையான செய்தி', 'நம்பிக்கையான ஆள்' என்று ஒரே சொல்லை இரண்டு பக்கமும் போட்டுவிடுகிறோம், அந்தப் பழக்கத்தில் ஆங்கிலத்திலும் போடக் கை போகும். 'வியூ', 'அவுட்லுக்', 'அசெஸ்மென்ட்', 'எக்ஸ்பெக்டேஷன்ஸ்' போன்றவற்றோடு சேரலாம், ஏனென்றால் அவையெல்லாம் ஒருவருடைய மனதில் இருப்பவை. வானிலையோ பரீட்சை முடிவோ சாங்குவினாக இருக்க முடியாது.

அடுத்து, பின்னால் வரும் சொல். 'ஷீ இஸ் சாங்குவின் அபவுட் த அவுட்கம்', அதாவது முடிவு நல்லபடியாக இருக்கும் என்று அவர் திடமாக நம்புகிறார். இன்றைய ஆங்கிலத்தில் 'அபவுட்' போட்டால் தவறவே தவறாது. 'சாங்குவின் தட்' என்று தொடங்கி ஒரு முழு வாக்கியத்தையும் இணைக்கலாம். 'சாங்குவின் ஆஃப் சக்ஸஸ்', 'சாங்குவின் அஸ் டு' என்பவை பழைய நடை, படித்தால் புரிந்துகொள்ளுங்கள், எழுத வேண்டாம்.

அப்புறம், எந்தப் பட்டியலும் சொல்லாத விஷயம்: இந்தச் சொல் பெரும்பாலும் மறுப்போடுதான் நடமாடுகிறது. ஒருவர் சாங்குவினாக இருக்கிறார் என்பதைவிட, 'நாட் சோ சாங்குவின்', 'லெஸ் சாங்குவின்', 'ஃபார் ஃப்ரம் சாங்குவின்' என்று வருவதுதான் சகஜம். அமைச்சர் நம்பிக்கையாகப் பேசியிருப்பார், அடுத்த வரியில் நிபுணர்கள் அவ்வளவு சாங்குவினாக இல்லை என்று செய்தியாளர் எழுதுவார். மறுப்பு இல்லாவிட்டால் 'டூ சாங்குவின்', 'ஓவர்லி சாங்குவின்' என்று வரும். நம்புவதற்குக் காரணம் போதாது, இவர் அளவுக்கு மீறி நம்புகிறார் என்ற விமர்சனம் அதில் இருக்கிறது. ஆகவே பரிந்துரைக் கடிதத்தில் ஒருவரை உயர்த்திச் சொல்வதாக நினைத்துக்கொண்டு சாங்குவின் என்று எழுதினால், படிப்பவர் அதை வேறு மாதிரி எடுத்துக்கொள்ளலாம். அங்கே 'ஆப்டிமிஸ்டிக்' பத்திரமான சொல்.

இந்த இரண்டுக்கும், 'ஹோப்ஃபுல்' என்பதற்கும் உள்ள இடைவெளியைப் பார்த்துவிடுவோம். ஹோப்ஃபுல் என்றால் நடக்க வேண்டும் என்ற ஆசை இருக்கிறது, உறுதி இல்லை. ஆப்டிமிஸ்டிக் பொதுவாக நல்லதையே எதிர்பார்ப்பது. சாங்குவின் என்றால் நிலைமை சிக்கலாக இருந்தும், மற்றவர்கள் கவலைப்படும் இடத்திலும், இவர் இலகுவாக நம்புகிறார். சிக்கலே இல்லாத இடத்தில் இந்தச் சொல்லைப் போட்டால் சப்பென்று இருக்கும். நாளைக்கு விடுமுறை, வெயில் அடிக்கும் என்பதற்கெல்லாம் இது தேவையில்லை.

படி 5: உண்மையான வாக்கியங்களில் சரிபாருங்கள்

படி 4இல் நான் சொன்னதை அப்படியே நம்ப வேண்டாம், நீங்களே பார்க்கலாம். கோக்கா என்று சுருக்கமாக அழைக்கப்படும் சமகால அமெரிக்க ஆங்கிலச் சொற்றொகுதியில், அதாவது உண்மையான எழுத்தையும் பேச்சையும் திரட்டி வைத்த தொகுப்பில், 1990 முதல் 2019 வரையிலான நூறு கோடிக்கும் அதிகமான சொற்கள் இருக்கின்றன. இலவசமாகப் பதிவு செய்துகொண்டு தேடலாம். வெறுமனே தேடாமல் 'க்விக்' என்ற காட்சியைத் தேர்ந்தெடுங்கள். தேடிய சொல் நடுவில் நிற்க, வலமும் இடமும் உள்ள சொற்கள் வரிசையாகத் தெரியும். வலப்பக்கம் 'அபவுட்' எத்தனை வரிகளில் அடுக்கடுக்காக நிற்கிறது, இடப்பக்கம் 'லெஸ்', 'நாட்', 'டூ' எங்கெங்கே வருகின்றன என்று கண்ணாலேயே பார்த்துவிடலாம். ஐம்பது வரிகள் படித்தால் போதும். இணையத்தில் கிடைக்கும் 'மாதிரி வாக்கியங்கள்' பக்கங்களை எனக்குப் பிடிக்காது, அவற்றில் பல யாரும் எழுதாத, இயந்திரத்தனமாகக் கோத்த வாக்கியங்கள்.

வழக்கு எப்படி மாறியது என்று அறிய கூகுள் என்கிராம் வ்யூவர், ஸ்கேன் செய்த புத்தகங்களில் ஒரு தொடர் ஆண்டுதோறும் எவ்வளவு வருகிறது என்று கோடாக வரைந்து காட்டும் கருவி. 'சாங்குவின் எக்ஸ்பெக்டேஷன்ஸ்', 'சாங்குவின் அபவுட்' என்ற இரண்டையும் காற்புள்ளி போட்டு ஒன்றாகக் கொடுங்கள். முதல் தொடர் 19ஆம் நூற்றாண்டின் செல்லப்பிள்ளை, பிறகு இறங்கிக்கொண்டே போகிறது. இரண்டாவது 20ஆம் நூற்றாண்டில் ஏறுகிறது. எதைக் கைவிடலாம், எதை எழுதலாம் என்று அந்த இரண்டு கோடுகளே காட்டிவிடும்.

படி 6: பக்கத்து வீட்டுச் சொல்லைத் தள்ளி வையுங்கள்

'சாங்குவினரி' என்று ஒன்று இருக்கிறது. அதே லத்தீன் வேர்தான், ஆனால் ரத்தம் சிந்துகிற, கொலைவெறி கொண்ட என்று பொருள். 'சாங்குவினரி பேட்டில்' என்றால் ரத்தக்களரியான போர். தளபதி சாங்குவினாக இருந்தார் என்றால் வெற்றி நம்பிக்கையில் இருந்தார், சாங்குவினரியாக இருந்தார் என்றால் ரத்தவெறியோடு இருந்தார். எழுத்துப் பிழை திருத்தி இதைப் பிடிக்காது, இரண்டுமே சரியான சொற்கள். பழைய நூல்களில் சாங்குவினையே அந்தப் பொருளில் வைத்ததும் உண்டு, இன்று நாம் எழுதும்போது கலக்காமல் இருப்பதுதான் நல்லது.

படி 7: மூன்று வாக்கியம் எழுதுங்கள்

ஒன்று மறுப்போடு, ஒன்று 'டூ' சேர்த்து, ஒன்று நேரடியாக. மூன்றிலும் உங்கள் வேலையிலோ படிப்பிலோ இப்போது உண்மையாகவே நடந்துகொண்டிருக்கும் ஒரு சிக்கலை எடுத்துக்கொள்ளுங்கள். 'த டீம் இஸ் லெஸ் சாங்குவின் அபவுட் த டெட்லைன்' என்பது போல. கற்பனையாக எழுதும் வாக்கியத்தைவிட இது மனதில் நிற்கும். ஒப்பீட்டுக்கு 'மோர்', 'லெஸ்' மட்டும்தான், பின்னால் ஈ-ஆர் என்ற விகுதியை ஒட்டக் கூடாது. 'சாங்குவின்லி' என்ற வினையடை அகராதியில் இருக்கிறது, ஆனால் எழுதுபவர் அபூர்வம், தவிர்த்துவிடுங்கள்.

பிற்சேர்க்கை 1: இதைப் படித்த சிலர், 'சாங்குவின் அபவுட் த ரிஸ்க்ஸ்' என்று பார்த்தோமே, ஆபத்தை எப்படி நம்புவது என்று கேட்டிருந்தார்கள். நல்ல கேள்வி, நான் விட்டுவிட்ட இடம். அங்கே ஆபத்தைப் பற்றி அவருக்குப் பெரிய கவலை இல்லை, எப்படியும் சரியாகிவிடும் என்று இருக்கிறார் என்பது பொருள். 'அபவுட்' பின்னால் கெட்ட விஷயம் வந்தால் 'கவலைப்படாத' என்று வாசித்துக்கொள்ளுங்கள். ஆனால் நல்லது நடக்கும் என்ற எதிர்பார்ப்பே இல்லாமல், வெறுமனே உணர்ச்சிவசப்படாமல் இருப்பவரைச் சொல்ல வேண்டும் என்றால் படி 3இல் வந்த ஃப்ளெக்மாடிக் பொருந்தும்.

பிற்சேர்க்கை 2: என்கிராமில் 1800க்கு முந்தைய பகுதியை நம்பலாமா என்று இன்னொருவர் கேட்டார். கவனம் தேவை. அக்கால அச்சில் சொல்லின் தொடக்கத்தில் வரும் எஸ் நீளமாக, எஃப் போலவே இருக்கும். ஸ்கேன் செய்த பக்கத்தைக் கணினி படிக்கும்போது சாங்குவின் 'ஃபாங்குவின்' ஆகிவிடுவதுண்டு. முதல் எழுத்தை எஃப் ஆக மாற்றி அதையும் கூடவே தேடுங்கள், காணாமல் போன பழைய எடுத்துக்காட்டுகள் சில அங்கே ஒளிந்திருக்கும். எஸ்ஸில் தொடங்கும் எந்தப் பழைய சொல்லைத் தேடினாலும் இதைச் செய்து பாருங்கள்.