காலத்தைத் திருப்பும் கலகக்காரர்கள்: கதை எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன மாதம் ஒரு கதைப் பட்டறைக்கு வந்த பதினான்கு கையெழுத்துப் பிரதிகளைப் படித்தேன். நான்கு கதைகளில் கால மந்திரம் தெரிந்த ரகசியச் சங்கம், அரசை எதிர்க்கும் இளைஞர்கள், நள்ளிரவுக் கூட்டம். அதில் மூன்று பேர் நான் முன்பு விழுந்த அதே குழியில் விழுந்திருந்தார்கள். எழுத்துப்பிழை, பாதியில் பெயர் மாறும் பாத்திரம் பற்றியெல்லாம் இங்கே சொல்லப்போவதில்லை. அதைப் பிழை திருத்துபவர் பார்த்துக்கொள்வார்.

உதாரணத்துக்கு என் தொடரையே எடுத்துக்கொள்கிறேன். களம் 1906ஆம் ஆண்டு பம்பாய். அந்த ஜனவரி 1 முதல் இந்தியா முழுவதற்கும் ஒரே நேரம் என்றது அரசு. பம்பாயின் உள்ளூர் நேரம் அதைவிட 39 நிமிடம் பின்தங்கியது. ஆலைச் சங்கு இனி 39 நிமிடம் முன்னதாக ஊதும் என்றால் தொழிலாளி சும்மா இருப்பானா? எதிர்ப்பு கிளம்பியது. நகரத்தில் பழைய நேரம் 1955 வரை பிழைத்துக் கிடந்தது. அதற்கு முன்பும் ஒரு கூத்து நடந்தது. ரயில்கள் ஓடிய மதராஸ் நேரத்தை 1881இல் பம்பாய் அரசு அலுவலகங்கள் மீது சுமத்தப் பார்த்து, இரண்டே வருடத்தில் பின்வாங்கினார்கள்.

என் சங்கத்துக்காரர்கள் அந்த 39 நிமிடத்துக்குள் ஒளிந்திருப்பவர்கள். அரசுக்குக் கடந்துபோன நேரம், இவர்களுக்கு இன்னும் கையில் இருக்கிறது. கரு நன்றாகத்தான் இருந்தது. கெடுத்தது நான்தான்.

எல்லோருக்கும் எல்லாம் தெரிந்த ரகசியச் சங்கம்

நாற்பது பேர் விளக்கைச் சுற்றி உட்கார, தலைவர் திட்டத்தை முழுசாக விளக்குகிறார். ஒரே ஒரு உளவாளி போதும், கதை முடிந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டு பிரான்சில் கார்பனாரிகள் என்ற ரகசியப் புரட்சிச் சங்கத்தார் இருபது பேருக்கு மிகாத சிறு குழுக்களாகப் பிரிந்திருந்தார்கள். இருபது பேருக்கு மேல் சேர்ந்த சங்கத்துக்கு அரசு அனுமதி வேண்டும் என்ற சட்டம் அங்கே இருந்தது. ஒரு குழுவில் இருப்பவனுக்கு அடுத்த குழுவின் முகம் தெரியாது. கால மந்திரம் இருக்கும் கதையில் இது இன்னும் அவசியம். உங்கள் உளவாளியும் நேற்றைக்குப் போய்க் காட்டிக்கொடுக்க முடியும் அல்லவா?

தாடி வைத்த குரு

வேண்டாம்.

‘பின்னால் போய்ச் சரிசெய்துவிடலாம்’

இதைத்தான் சொல்ல வந்தேன். ஏழாவது அத்தியாயத்தில், கைதாகவிருந்த ஒருவனைக் காப்பாற்ற, சங்கத்தில் யார் வேண்டுமானாலும் 39 நிமிடம் பின்னால் போகலாம் என்று எழுதிவைத்தேன். எழுதும்போது குஷியாக இருந்தது. முப்பத்து மூன்றாவது அத்தியாயத்தில் ஆலை வாசலில் நாயகனின் தங்கை போலீஸ் குண்டுக்கு விழுந்து சாகிறாள். அழுதுகொண்டே எழுதினேன் என்று நண்பர்களிடம் பெருமையடித்ததும் உண்டு.

அந்த இதழ் வந்த வாரம், பால் வாங்கப் போன இடத்தில் எட்டாம் வகுப்புப் பெண் ஒருத்தி கேட்டாள்: “அங்கிள், அன்னைக்கு மாதிரி இப்பவும் பின்னாடி போயிருந்தா அந்த அக்கா செத்திருக்க மாட்டாங்கல்ல?”

பால் பாக்கெட்டோடு நின்றேன். பதில் இல்லை.

அங்கிருந்து ஒட்டுப்போட ஆரம்பித்தேன். 34இல் மந்திரச் சாவி தொலைந்தது. 36இல், மழை பெய்தால் மந்திரம் பலிக்காது என்றேன். ஜூலை மாதப் பம்பாயில், கொட்டும் மழையில், பன்னிரண்டாவது அத்தியாயத்தில் அதே மந்திரத்தைப் போட்டிருந்தது அப்புறம்தான் நினைவுக்கு வந்தது. கடைசியில் எழுதி வைத்திருந்த பதினொரு அத்தியாயங்களைக் குப்பையில் போட்டேன். அதற்கெல்லாம் படம் வரைந்து முடித்திருந்த ஓவிய நண்பர் இரண்டு வாரம் என்னோடு பேசவில்லை.

பட்டறைக் கதைகளிலும் அதே ஒட்டு வேலை. ‘வாழ்நாளில் ஒருமுறைதான் திரும்ப முடியும்’ என்கிறார் ஒருவர். சரி, சங்கத்தில் நாற்பது பேர் இருந்தால் நாற்பது முறை ஆயிற்றே! இன்னொருவர் கதையில் தூக்குமேடை வரை போய், கடைசி நொடியில் காலத்தைத் திருப்பி எல்லோரும் வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். எதையும் இழக்காதவன் என்ன கலகக்காரன்? எனக்கு உண்மையாகவே கோபம் வந்தது. பாதிக் கோபம் என் மீதுதான்.

எவ்வளவு தூரம் போகலாம், அதற்கான விலையை யார் கொடுப்பது, திரும்பியபின் யாருக்கு நினைவிருக்கும் என்பதை முதல் வரிக்கு முன்பே ஒரு தாளில் எழுதிச் சுவரில் ஒட்டுங்கள். முதல் அத்தியாயத்துக்குப் பிறகு அந்தத் தாளில் கை வைக்காதீர்கள்.

நான் கடைசியில் பிடித்த விதி இது: காலம் திரும்பும், உடம்பு திரும்பாது. எட்டு மணி நேரம் தறியில் நின்ற களைப்பு அப்படியே இருக்கும், பட்ட காயமும் இருக்கும். அண்ணன் தங்கையைத் தூக்கிக்கொண்டு 39 நிமிடம் பின்னால் ஓடுகிறான். போலீஸ் இன்னும் வரவில்லை, சங்கு இன்னும் ஊதவில்லை. ஆனால் தோளில் கிடப்பது பிணம். ஆலைக்குள் நுழையப்போகும் தொழிலாளிகள், இனிமேல்தான் சுடப்போகும் குண்டைப் பார்த்துவிடுகிறார்கள். அன்று யாரும் உள்ளே போகவில்லை. அந்தத் தொடரில் உருப்படியான அத்தியாயம் என்று நான் சொல்வது இது ஒன்றைத்தான்.

மந்திரச் சொல்

வாயில் நுழையாத ஓசைகளைக் கோர்த்து வைக்காதீர்கள். சங்கத்தார் என்ன தொழில் செய்கிறார்களோ அந்தத் தொழிலின் சொல்லே போதும்.

நாட்காட்டி

ஒரு பிரதி 1881ஆம் ஆண்டு பீட்டர்ஸ்பர்க்கில் நடக்கிறது. ரஷ்யப் பேரரசர் இரண்டாம் அலெக்சாந்தர் கொல்லப்பட்டது ரஷ்ய நாட்காட்டியில் மார்ச் 1, மேற்கு ஐரோப்பாவில் மார்ச் 13. பன்னிரண்டு நாள் வித்தியாசம். எழுதிய தம்பி இதைக் கவனிக்கவே இல்லை. ஜெனீவாவில் மார்ச் 10 என்று தேதி போட்ட கடிதம் ஐந்து நாள் பயணம் செய்தாலும், பீட்டர்ஸ்பர்க்கில் பிரிக்கப்படுவது மார்ச் 3 அன்று. எழுதப்பட்ட தேதிக்கு ஒரு வாரம் முன்பே! அந்தக் கடிதத்தைக் காலத்தில் பின்னோக்கி அனுப்ப, தம்பி இரண்டு பக்கத்துக்கு மந்திரம் எழுதி வைத்திருந்தான்.